நான்காவது முகம்

ஜூன் 3

கொசுவின் அப்பாவுக்கு,

சமரச மையத்து அம்மாள் சொன்னபடி கடிதமாகவே எழுதுகிறேன். போனில் பேசினால் இரண்டு பேரும் கத்துகிறோம், பிள்ளை கதவுக்குப் பின்னால் நின்று கேட்கிறாள், அடுத்த கூட்டம் வரைக்கும் எதுவானாலும் காகிதத்தில் எழுதித் தபாலில் போடுங்கள் என்று தீர்ப்பு மாதிரி சொன்னாரே. தபால் பெட்டி வரை நடப்பதற்குள் பாதிக் கோபம் ஆறிவிடுமாம். எனக்கு நடக்க நடக்க ஏறுகிறது. அது வேறு விஷயம்.

இப்போது எழுதுவது டிவி விஷயமாக. அதில் படம் பார்க்கிற ஆப் ஒன்றுக்கு நீங்கள் சந்தா போட்டு வைத்தீர்களே, அதை நிறுத்த வேண்டும். முதலில் நானே நிறுத்தப் பார்த்தேன். ஆப்பை அழித்தேன். ஆப் போனால் சந்தாவும் போய்விடும் என்று நினைத்த என் புத்தியை என்னவென்று சொல்வது! அடுத்த மாதமும் என் கார்டிலிருந்து காசு போயிற்று. ஆப்காரர்களைக் கூப்பிட்டேன். அந்தப் பெண் தேன் ஒழுகப் பேசினாள். "மேடம், நீங்க எங்ககிட்ட நேரா சந்தா கட்டல. டிவியில மாட்டியிருக்கற பெட்டி வழியா கட்டறீங்க. அவங்ககிட்டதான் நிறுத்தணும்." பெட்டிக்காரர்களைக் கூப்பிட்டேன். அங்கே ஒரு பையன், "அக்கவுண்ட் உங்க பேர்ல இல்லையே மேடம், சார்தான் பண்ணணும். இல்லேன்னா டிவிலயே போய் சாரோட பின் நம்பர் போடுங்க" என்றான்.

அக்கவுண்ட் உங்கள் பெயரில், கார்டு என் பெயரில். நம் கல்யாணம் மொத்தமும் அந்த ஒரு மெனுவில் இருக்கிறது.

நீங்கள் வேறு ஊரில் இருந்தாலும் உங்கள் டிவியிலும் அதே அக்கவுண்ட்தானே ஓடுகிறது? அங்கிருந்தே இரண்டு பொத்தானை அமுக்கினால் முடிந்துவிடும். கார்டுக்காக மட்டும் சொல்லவில்லை. கொசுவே வேண்டாம் என்றுவிட்டாள். "அத எடுத்துடும்மா" என்று அவள் சொன்ன பிறகுதான் ஆப்பை அழித்தேன். ஏன்டி என்று கேட்டதற்கு "போரடிக்குது" என்றாள்.

பதில்கூட வேண்டாம். நிறுத்திவிடுங்கள், போதும்.

கொசுவின் அம்மா


ஜூன் 9

கொசுவின் அம்மாவுக்கு,

உன் கடிதத்தை லிஃப்ட் கூரைமேல் உட்கார்ந்து படித்தேன். இங்கே நான் ரிப்பேர் பார்க்கிற ஒரு பழைய கட்டடம், லிஃப்ட் நினைத்த இடத்தில் நின்றுகொள்ளும். உள்ளே மாட்டிக்கொண்ட பெரியவர் ஒருவர் நான் கதவைத் திறந்ததும் நன்றி சொல்லவில்லை, "ஏம்பா இவ்ளோ லேட்டு?" என்று திட்டினார். உன் ஞாபகம் வந்தது. கோபப்படாதே, சும்மா சொன்னேன்.

கார்டுதான் பிரச்சினை என்றால் உன் கார்டை எடுத்துவிட்டு என்னுடையதைப் போடுகிறேன். இன்றைக்கே போடுகிறேன். ஆனால் நிறுத்தச் சொல்லாதே.

ஏன் என்று சொல்லத்தான் வேண்டும். சொன்னால் நீ சும்மா இருக்க மாட்டாய் என்று தெரியும், இருந்தாலும் சொல்கிறேன். அந்த ஆப்பைத் திறந்ததும் 'யார் பார்க்கிறீர்கள்?' என்று கேட்டு வரிசையாக முகங்கள் வருமல்லவா, அம்மா, அப்பா, கொசு என்று? போனை நீ பிடுங்கி வைத்த பிறகு, ஒரு நாள் வேலை முடிந்து வந்து டிவியைப் போட்டேன். கொசுவின் முகத்துக்குக் கீழே கொசு என்ற பெயர் இல்லை. 'பல்லு விழுந்துச்சு' என்று இருந்தது. ஒரு நிமிஷம் எனக்கு ஒன்றும் ஓடவில்லை. அப்புறம்தான் புரிந்தது. அவள் அங்கே உட்கார்ந்து, ரிமோட்டின் அம்புக்குறியை நகர்த்தி நகர்த்தி, எழுத்து எழுத்தாகத் தேடி, தன் பெயரை எடுத்துவிட்டு அதை எழுதியிருக்கிறாள். எனக்குத் தெரியட்டும் என்று!

நானும் 'அப்பா' என்பதை அழித்துவிட்டு 'எந்தப் பல்லு?' என்று போட்டேன். மறுநாள் 'மேல் பல்லு' என்று வந்தது. அப்படியே பழகிவிட்டது. 'மார்க் சொல்லு' என்பேன். 'கேக்காத' என்பாள். 'காய்ச்சல்' என்று ஒரு நாள் போட்டிருந்தாள், அன்றைக்கு எனக்கு வேலையே ஓடவில்லை, மறுநாள் 'போச்சு' என்று வந்த பிறகுதான் சோறு இறங்கியது. அந்தக் கட்டத்தில் கொஞ்சம் எழுத்துதான் கொள்ளும். எங்களுக்கு அது போதுமாக இருந்தது. போனில்கூட நாங்கள் அவ்வளவு பேசியதில்லை.

நம் சமரச விதியை நான் மீறினேன் என்று அந்த அம்மாளிடம் போய்ச் சொல்லிவிடாதே. நான் தொடங்கவில்லை. ஒன்பது வயசுப் பிள்ளை, அதுவாகக் கண்டுபிடித்த வழி.

அதனால்தான் சொல்கிறேன், 'போரடிக்குது' என்று கொசு சொல்லியிருக்கவே மாட்டாள். நீதான் சொல்ல வைத்திருப்பாய். என்மேல் இருக்கிற கோபத்தை என்மேல் காட்டு. எனக்கும் அவளுக்கும் இருக்கிறது அது ஒன்றுதான். அதையும் வெட்டிவிட்டு நீ என்ன சாதிக்கப் போகிறாய்?

கொசுவின் அப்பா


ஜூன் 15

என் மகளின் அப்பாவுக்கு,

மேலே ஏன் அப்படி எழுதினேன் என்பது படிக்கப் படிக்கப் புரியும்.

உங்கள் கடிதத்தை மூக்குக்கண்ணாடிக் கடையில் வைத்துப் படித்தேன். ஒருவருக்குக் கண்ணாடி தேய்த்துக்கொண்டிருந்தவள், ஓரம் ஒடிந்ததுகூடத் தெரியாமல் தேய்த்திருக்கிறேன். முதலாளி கண்ணாடியைத் தூக்கிக் குப்பையில் போட்டார். உண்மையைச் சொல்கிறேன், படிக்கும்போது எனக்கு அழுகை வந்தது. என் வீட்டுக்குள்ளேயே, என் மூக்குக்குக் கீழேயே, என் பிள்ளை இப்படி ஒரு வேலை பார்த்திருக்கிறாள், எனக்குத் தெரியவில்லை. அவ்வளவு பொல்லாதவளா நான், அப்பாவிடம் பல் விழுந்ததைச் சொல்லக்கூடத் திருட்டு வழி தேட வேண்டியிருக்கிறது என்று நினைத்தேன். போகட்டும், இருந்துவிட்டுப் போகட்டும் என்று முடிவு செய்தேன். வீட்டுக்கு வந்து ஆப்பை மறுபடியும் போட்டேன்.

முகங்கள் வந்தன. என் முகத்துக்குக் கீழே 'அம்மா'. என்னைத்தான் யாரும் மாற்றவில்லை. உங்கள் முகத்துக்குக் கீழே 'சாப்டியா?' அவள் முகத்துக்குக் கீழே 'அது யாரு?'

நானும் கேட்டேன், "இது என்னடி, யாரக் கேக்கற?"

புத்தகத்துக்கு அட்டை போட்டுக்கொண்டிருந்தாள். தலையைத் தூக்கவில்லை. "நாலாவதா ஒரு மூஞ்சி வந்துச்சும்மா. பூனை படம் போட்டு."

"பேரு?"

"சின்னக் கொசு."

அவளே சொன்னாள். "அது யாருன்னு அப்பாகிட்ட கேட்டேன். மறுநாள் பாத்தா அந்த மூஞ்சி இல்ல. அழிச்சுட்டாரு. ஆனா பதில் போடல. சும்மா தப்பா வந்திருந்தா 'தப்பா வந்துச்சு'ன்னு போட்டிருப்பார்ல? அழிச்சுட்டாருன்னா, அப்ப யாரோ இருக்காங்க."

ஒன்பது வயசுப் பிள்ளை அதுவாகக் கண்டுபிடித்த வழி என்று எழுதினீர்களே, இதையும் அதுவாகத்தான் கண்டுபிடித்தது.

நீங்கள் யாரோடு இருக்கிறீர்கள் என்பது எனக்கு வேண்டாத கதை. எரிகிறதா என்றால் எரிகிறது, மறைக்கவில்லை. என் கார்டுக் காசில் அங்கே ஒரு பிள்ளை பூனை முகம் வைத்துக்கொண்டு பொம்மைப் படம் பார்த்திருக்கிறது, எரியாமல் குளிருமா? ஆனால் அது என் பாடு. அந்தப் பெயரை எப்படி எடுத்துக் கொடுத்தீர்கள்? கைக்குழந்தையாக இருக்கும்போது காதோரம் ஓயாமல் சிணுங்குகிறது என்று நீங்கள்தானே வைத்தீர்கள்? உலகத்தில் வேறு பூச்சியே கிடைக்கவில்லையா?

அங்கே ஒரு பெயரை மாற்றினால் இங்கே தெரியும் என்பது உங்களைவிட யாருக்கு நன்றாகத் தெரியும்? அதை வைத்துத்தானே இத்தனை நாள் பேசினீர்கள்? இது மட்டும் எப்படித் தெரியாமல் போயிற்று? இந்த இடத்தில் 'நீ' என்று எழுதி அடித்திருக்கிறேன், பாருங்கள். அந்த அம்மாள் மரியாதையாக எழுதச் சொல்லியிருக்கிறார்.

இந்த வீட்டில் இனி யாரும் கொசு இல்லை. நேற்று வாய்தவறிக் கூப்பிட்டேன். "அப்படிக் கூப்பிடாதம்மா, அது இப்ப வேற ஆளோட பேரு" என்றாள்.

நிறுத்துங்கள்.

அவள் அம்மா


ஜூன் 21

கொசுவின் அம்மாவுக்கு,

நான் அப்படித்தான் எழுதுவேன். எனக்கு வேறு பெயர் வரவில்லை.

முதலில் சாக்குப்போக்காக ஒரு கடிதம் எழுதினேன். பெட்டி கோளாறு, ஏதோ தானாக வந்துவிட்டது என்று. படித்துப் பார்த்தேன், எனக்கே வெட்கமாக இருந்தது, கிழித்துப் போட்டேன்.

கீழ்வீட்டில் ஒரு பெண் இருக்கிறாள். மருந்துக்கடையில் வேலை. அவளுக்கு நாலு வயசில் ஒரு மகள். எதுவும் முடிவாகவில்லை, அதனால்தான் யாரிடமும் சொல்லவில்லை. அவள் வேலை முடிந்து வரும்வரை சில நாள் அந்தப் பாப்பா என் வீட்டில் உட்கார்ந்திருக்கும். ஒரு நாள் அந்த முகங்களைக் காட்டி "இது யாரு, இது யாரு" என்று கேட்டது. கொசு என்றேன். விழுந்து விழுந்து சிரித்தது. "நானும் கொசு, நானும் கொசு" என்று ஒரே அடம். சின்னக் கொசு என்று போட்டுக் கொடுத்தேன். அவ்வளவுதான் நடந்தது.

இங்கே மாற்றினால் அங்கே தெரியும் என்பது தெரியாதா என்று கேட்டாய். தெரியும். யோசிக்கவில்லை. இதைவிட நல்ல பதில் என்னிடம் இருந்தால் எழுதியிருப்பேன். அந்த ஒரு நிமிஷம் என் மனசில் கொசு இல்லை. அந்தப் பிள்ளை சிரித்தது, நானும் சிரித்தேன். எவ்வளவோ நாளைக்குப் பிறகு வீட்டில் ஒரு பிள்ளைச் சிரிப்பு.

மறுநாள் 'அது யாரு?' என்று இருந்ததைப் பார்த்தேன். உடனே அந்தப் பூனை முகத்தை அழித்தேன். அப்புறம் பதில் எழுத உட்கார்ந்தேன். 'பக்கத்து வீடு' என்று போட்டுப் பார்த்தேன். பொய்யாக இருந்தது. 'அப்புறம் சொல்றேன்' என்று போட்டால் இன்னும் பயப்படுவாள். கடைசியில் 'யாருமில்ல' என்று எழுதினேன். அந்தப் பாப்பா என் பக்கத்திலேதான் உட்கார்ந்திருந்தது. அதற்கு எழுத்துத் தெரியாது. தெரியாவிட்டாலும் என்ன, எனக்கு அந்தப் பொத்தானை அமுக்கக் கை வரவில்லை. எல்லாவற்றையும் அழித்துவிட்டு, முன்னால் இருந்த 'சாப்டியா?'வையே போட்டேன். அன்றையிலிருந்து ஒவ்வொரு நாளும் டிவியைப் போட்டால் என் மகள் 'அது யாரு?' என்று கேட்கிறாள். நான் 'சாப்டியா?' என்று கேட்கிறேன்.

உன்னையும் ஒன்று கேட்க வேண்டும். போன் அவள் கையில் இருந்திருந்தால் அன்றைக்கே கூப்பிட்டு வாயால் சொல்லியிருப்பேனே. ஒரு பெட்டிக்குள் பத்துப் பதினைந்து எழுத்தில் பிள்ளையை வளர்க்கும்படி என்னை நிறுத்தியது யார்? நான் செய்தது தப்பு. நீ செய்தது?

நிறுத்தச் சொல்லாதே. அடுத்த கூட்டத்துக்கு வரும்போது நேரில் சொல்கிறேன். இப்போது என் பெயரை 'நேர்ல சொல்றேன்' என்று மாற்றியிருக்கிறேன். அவளிடம் காட்டு. அதை மட்டும் காட்டு.

கொசுவின் அப்பா


ஜூன் 26

அவள் அப்பாவுக்கு,

போனைப் பிடுங்கியது நான்தான். இல்லை என்று யார் சொன்னது? அவளிடம் பத்து வார்த்தை பேசிவிட்டு "அம்மாகிட்ட குடு" என்பீர்கள், அப்புறம் என்னோடு ஒரு மணி நேரம் சண்டை. அவள் பக்கத்தில் நின்று நகத்தைக் கடிப்பாள். விரல் நுனியில் ரத்தம் பார்த்த பிறகுதான் பிடுங்கினேன். அதற்காக என்னைக் குற்றம் சொல்வதானால் சொல்லிக்கொள்ளுங்கள்.

காட்டச் சொன்னீர்களே, காட்டினேன். டிவியைப் போட்டு, "அப்பா ஏதோ எழுதியிருக்காரு, வந்து பாரு" என்றேன். வரவில்லை. "என்ன எழுதியிருக்காருன்னு நீயே படி" என்றாள். படித்தேன். "நான் கேட்டது வேற" என்றாள்.

அவள் முகத்தை மட்டும் எடுத்துவிடலாம், சந்தா இருந்துவிட்டுப் போகட்டும் என்றுகூடச் சொல்லிப் பார்த்தேன். ஆமாம், நான்தான் சொன்னேன், நம்பினால் நம்புங்கள். "அப்ப அந்த வீட்ல மட்டும் ஓடிட்டு இருக்கும்ல? எல்லாமே நிக்கட்டும்" என்றாள். என் ரத்தம். வேறு எப்படி இருப்பாள்?

பள்ளிக்கூடத்திலிருந்து வந்ததும் பையைக்கூட இறக்காமல் "நின்னுடுச்சாம்மா?" என்று கேட்கிறாள். இல்லை என்று சொல்ல எனக்கு அலுத்துவிட்டது. நீங்கள் நிறுத்துங்கள், இல்லாவிட்டால் பின் நம்பரை அனுப்புங்கள்.

அவள் அம்மா


ஜூலை 2

கொசுவின் அம்மாவுக்கு,

பின் நம்பர் இந்தத் தாளின் பின்பக்கத்தில் இருக்கிறது.

நானே நிறுத்தலாம் என்றுதான் உட்கார்ந்தேன். பெட்டியின் செட்டிங்ஸில் போய், அக்கவுண்ட், சந்தாக்கள் என்று வரிசையாகத் திறந்து, கடைசிப் பொத்தான் வரைக்கும் போனேன். நாலு தடவை போனேன். முடியவில்லை. நாளெல்லாம் பாதாளத்துக்கு மேலே கம்பியைப் பிடித்துத் தொங்குகிறவன், ஒரு ரிமோட்டுக்கு நடுங்கினேன் என்று சொன்னால் நீ சிரிப்பாய். சிரித்துக்கொள்.

என் கையால் வேண்டாம். அவள் கேட்டது அதுதான் என்றால் நீயே செய்துவிடு. ஒன்றே ஒன்று. செய்யும்போது அவள் பக்கத்தில் இருந்தால், எப்படி இருந்தாள் என்று எனக்கு எழுது. திட்டியாவது எழுது.

அப்பா


ஜூலை 8

அவள் அப்பாவுக்கு,

கேட்டீர்கள், எழுதுகிறேன்.

நான் ரிமோட்டை எடுத்ததும் "குடும்மா, நானே பண்றேன்" என்று வாங்கிக்கொண்டாள். எனக்குப் பாதி மனசுதான். கொடுத்தேன். நீங்கள் சொன்ன வழியிலேயே போனாள், உங்கள் பின் நம்பரை நான் படிக்கப் படிக்க ஒவ்வொன்றாகப் போட்டாள். ஆப்பைத் திறக்கவே தேவைப்படவில்லை. உங்கள் பெயர் இப்போது என்னவாக இருக்கிறது என்று அவளும் பார்க்கவில்லை, நானும் பார்க்கவில்லை.

ரத்து செய் என்று அமுக்கியதும் அது விடவில்லை. 'ஏன் போகிறீர்கள்? ஒரு காரணத்தைத் தேர்ந்தெடுக்கவும்' என்று கேட்டது. கீழே நாலு வரி. காரணம் சொல்லாமல் மேலே போகவும் முடியாதாம்.

"எதம்மா அமுக்கறது?" என்று கேட்டாள்.

"எதையாவது அமுக்குடி, அவங்க என்ன பரீட்சையா வைக்கறாங்க?"

அவள் எதையாவது அமுக்குகிற பிள்ளையா? உங்களுக்குத் தெரியாதா? வாய்விட்டு ஒவ்வொன்றாகப் படித்தாள். "விலை அதிகம். இல்ல. படம் தெளிவா வரல. நல்லாத்தான் வந்துச்சு." மூன்றாவது, 'வேறு ஒன்று கிடைத்துவிட்டது'. அதில் நின்றுவிட்டாள். அம்புக்குறி அதன்மேலேயே இருந்தது. எங்கே அதை அமுக்கிவிடுவாளோ என்று எனக்குப் பக்கென்றது.

"இது அப்பா அமுக்க வேண்டியதும்மா" என்றாள்.

கோபமாகச் சொல்லவில்லை. யாரோ தவறவிட்ட பென்சிலை இது அவனோடது என்று எடுத்து வைப்பாளே, அப்படிச் சொன்னாள். கீழே இறங்கி, 'பார்க்க எதுவும் இல்லை' என்பதை அமுக்கினாள். மாதக் கடைசி வரைக்கும் பார்க்கலாம், அதற்கப்புறம் நின்றுவிடும் என்று வந்தது. "அதுவரைக்கும் அந்தப் பாப்பா பாத்துக்கட்டும்" என்று சொல்லிவிட்டு, ரிமோட்டை அதன் இடத்தில் வைத்துவிட்டு, கணக்குப் போடப் போய்விட்டாள்.

உங்களைத் திட்ட வேண்டும் என்றுதான் பேனாவை எடுத்தேன். எவ்வளவோ சேர்த்து வைத்திருந்தேன். இப்போது ஒன்றும் வரவில்லை. கூட்டத்துக்கு வாருங்கள். எனக்காகக் கூப்பிடவில்லை.

அவள் அழுதாளா என்று நீங்கள் கேட்பீர்கள். அழவில்லை. ராத்திரி படுக்கும்போதாவது அழுவாள் என்று பக்கத்திலேயே படுத்திருந்தேன். தூங்கிவிட்டாள். அழுகிற பிள்ளையைத் தேற்ற எனக்குத் தெரியும். இதை என்ன செய்வது என்று தெரியவில்லை.

அவள் அம்மா